மாடத்தியின் பாட்டுக் கடன்

மாடத்தி கட்ட வேண்டிய தொகை நான்காயிரத்து முந்நூற்றுப் பதினேழு ரூபாய். உப்பளத்தில் கூடை சுமக்கையில் அவள் சொந்தமாகக் கட்டிப் பாடிய பாட்டை ஒரு கம்பெனி பதிவு செய்துகொண்டு போய், பேய்களைச் சுடும் வீடியோ கேமில் போட்டது. அந்த கேமின் ஆல்பத்தில் பத்துப் பாட்டு கவர், அதாவது பழைய பாட்டுகளை வேறொருவர் மறுபடி பாடியது. இது ஒன்றுதான் ஒரிஜினல். ஆகையால் இனி மாடத்தி பாடினால் அதுவும் கவர். வருகையைப் பதிய அளத்தில் அவள் காதில் மாட்டிவிட்டிருந்த கருவி, அவள் பாடிய ஒவ்வொரு தடவைக்கும் கம்பெனிக்காகக் கட்டணம் போட்டது.

"பாடாமத்தான் சொமயேன் மதினி," என்றாள் அவளோடு சேர்ந்து சுமக்கும் இசக்கியம்மாள்.

"பாட்டு நின்னா காலும் நின்னுருது. நாப்பது கூடய எப்பிடிச் சொமக்க?"

கடனைக் கட்டாவிட்டால் வேலை போய்விடும். அது தன் பாட்டு என்று மாடத்தி கம்பெனியிடம் முறையிட்டாள். அளத்துக்கு வந்த கம்பெனி அலுவலர், ஆல்பத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க அவளைச் சுமந்தபடியே பாடச் சொன்னார். இருபது நடை பாடினாள். கருவி சொன்ன தீர்ப்பை அலுவலர் அவளிடம் சொன்னார்.

"சந்தோஷப்படுங்கம்மா. இது பாட்டே இல்லையாம், வெறும் மூச்சிரைப்பாம். அதுக்குக் கட்டணம் கிடையாது."

"அப்ப அந்தப் பாட்டப் பாடுனது யாருய்யா?"

அலுவலர் கடன் தள்ளுபடிச் சீட்டை நீட்டி, கையெழுத்துப் போடச் சொன்னார்.