நூவி

வீரய்யா அந்தப் பேரை ஒருதரம் வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்தார். பிறகு பஸ் ஜன்னலுக்கு வெளியே காறித் துப்பினார்.

"தூ! நூவியாம் நூவி. குளிக்கிற சவர்க்காரத்துக்கு வைக்கிற பேரு. நாய்க்குட்டிக்கு வைக்கிற பேரு. இதப் போயி என் பேரனுக்கு வைக்கப் போறாளாம்!"

பக்கத்தில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்த மகள் பிள்ளையின் போர்வையை இழுத்துச் சரிசெய்தாள். ராகலையில் ஏறியதிலிருந்து இதே பாட்டைத்தான் கேட்டுக்கொண்டு வருகிறாள். கடைக்குட்டி என்பதால் கல்யாணமாகியும் அவள் எல்லோருக்கும் பாப்பாதான். புருஷனுக்குக் கொழும்பில் கடை வேலை, லீவு கிடைக்கவில்லை. அதனால்தான் பிறப்புப் பதிவுக்கு அப்பாவோடு நுவரெலியாவுக்குப் போகவேண்டியதாகிவிட்டது.

பஸ் முழுக்க, மரக்கறி மூட்டைகளிலிருந்து அழுகின கோவா வாடை. வீரய்யாவுக்கு அதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை, அந்தப் பேர்தான் குமட்டிக்கொண்டு வந்தது.

"அர்த்தம் என்னா? அதச் சொல்லு மொதல்ல."

"அர்த்தம்னு ஒண்ணும் இல்லப்பா. நானா உண்டாக்குன பேரு. கிளினிக்ல வரிசையில குந்தியிருக்கப்ப வாய்க்கு வந்ததச் சொல்லிக்கிட்டு இருந்தேன். நூவின்னு சொன்னப்ப வயித்துக்குள்ள ஒரு ஒத விட்டுச்சு. அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன், எது பொறந்தாலும் இதான் பேருன்னு."

"எது பொறந்தாலுமா?" வீரய்யாவின் முகம் வேப்பெண்ணெய் குடித்ததுபோலக் கோணிக்கொண்டது. "ஆம்பளைக்கும் பொம்பளைக்கும் ஒரே பேரா? கருமம், கருமம்!"

"யாரும் இன்னும் வைக்காத பேருப்பா. அதுக்கு என்னா அர்த்தம்னு புள்ளையே வளந்து முடிவு பண்ணட்டும்."

தேயிலைத் தோட்டத்தில் முப்பது வருஷம் கங்காணியாக இருந்தவர் வீரய்யா. விடிந்தால் பெரட்டுக் களத்தில் நின்று பேர் கூப்பிட்டு, ஆம்பளைகளைச் செடி கவ்வாத்து வெட்டவும் பொம்பளைகளைக் கொழுந்து பறிக்கவும் பிரித்து அனுப்பிய வாய் அது. அந்த வாய்க்குள் நூவி எப்படி இறங்கும்?

"பெரட்டுல நூவின்னு கூப்புட்டா எந்த மலைக்கு அனுப்புறது? கவ்வாத்துக் கத்திய நீட்டுறதா, கொழுந்துக் கூடைய நீட்டுறதா?"

"எம்புள்ள பெரட்டுக்கு வராதுப்பா."

சிரிக்காமல்தான் சொன்னாள். அதுவும் அவருக்குப் பிடிக்கவில்லை.

"அஞ்சும் பொட்டையாப் போச்சேன்னு லயத்துச் சனமே என்னையப் பாத்து இளிச்சுச்சு. இப்பத்தான் சாமி கண்ணத் தொறந்து ஒரு ஆம்பளப் புள்ளையக் குடுத்திருக்கு. வீரபத்திரன்னு வை. கூப்புட்டா நாலு மலைக்குக் கேக்கணும். ஆம்பளன்னு தெரியணும்."

முன் சீட்டில் இருந்த அம்மாள் திரும்பிப் பார்த்தாள். நியாயம் கேட்க ஆள் கிடைத்துவிட்ட சந்தோஷம் வீரய்யாவுக்கு.

"நீங்களே சொல்லுங்கம்மா. நானும் அஞ்சு பொண்ணு பெத்தவன். அர்த்தமில்லாம ஒரு பேரு வச்சிருப்பேனா? மூத்தவ லெட்சுமி, வீட்டுக்கு லெட்சுமி. ரெண்டாவது சரஸ்வதி, படிப்பு வரணும்னு. அடுத்தவ பார்வதி. அதுக்கடுத்தவ அன்னபூரணி, சோத்துக்குப் பஞ்சம் வராதுன்னு…"

நான்கு விரல்களை மடக்கியாயிற்று. பெருவிரல் மட்டும் நீட்டிக்கொண்டிருக்க, மறுபடியும் நூவி ஞாபகம் வந்து ஜன்னலுக்கு வெளியே துப்பினார்.

நுவரெலியா பதிவுக் கந்தோரில் இருந்த பதிவாளர் சிங்களவர், நல்ல மனுசர். தமிழ் படித்துக்கொண்டிருந்தார். தமிழ்ப் பேர் எது வந்தாலும் அர்த்தம் கேட்டு ஒரு கொப்பியில் எழுதி வைத்துக்கொள்வார்.

"பிள்ளை பேர் என்ன?"

"நூவி, மாத்தயா."

"நூவி… நூவி." அவர் இரண்டு தரம் சொல்லிப் பார்த்தார். "லஸ்ஸனயி. கேக்க நல்லா இருக்கு. அர்த்தம்?"

"ஒண்ணும் இல்லீங்க மாத்தயா. புதுப் பேரு."

வீரய்யாவால் பொறுக்க முடியவில்லை. வரிசையில் நின்றவர்களைத் தள்ளிக்கொண்டு மேசைக்கு முன்னால் வந்தார்.

"எழுதாதீங்க மாத்தயா! அர்த்தமில்லாத பேரு அசிங்கம். பேருன்னா, எதுக்கு வச்சதுன்னு வச்சவன் நாலு பேருக்கு முன்னால சொல்லணும். சொல்ல முடியலன்னா அது பேரே இல்ல!"

"ஐயா, கோவம் வேணாம். அது அம்மா, அப்பா விருப்பம்." பதிவாளர் சிரித்துக்கொண்டே நூவி என்று எழுதினார். "அம்மா பேர்?"

பாப்பா அடையாள அட்டையை எடுத்து மேசைமேல் வைத்தாள். வாயாலும் சொன்னாள்.

"போதும்பொண்ணு."

பதிவாளர் அதையும் எழுதினார். எழுதி முடித்ததும், பழக்கம் விடாமல், கொப்பியைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டார்.

"இந்தப் பேர் நான் முன்ன கேட்டது இல்ல. இதுக்கு அர்த்தம் இருக்கா?"

"இருக்குங்க மாத்தயா."

வரிசை எட்டிப் பார்த்தது. வீரய்யாவின் வாயில் எச்சில் கூடிக்கொண்டு நின்றது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் இடமில்லை. பாப்பா பிள்ளையைத் தோளில் சாய்த்துக்கொண்டு அவர் பக்கம் திரும்பினாள்.

"நாலு பேரு இருக்காங்க. சொல்லுங்கப்பா."