பச்சை டிக்

பிம்ப்ரியில் புதிதாகக் கட்டிய கேபிள் சுரங்கத்தின் வாசலோடு மழை வெளிச்சம் நின்றுவிடுகிறது. உள்ளே, கேபிள்களைத் தாங்கும் ஸ்டீல் பிராக்கெட்டுகள் சுவர் நெடுக வரிசையாக நீட்டிக்கொண்டிருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் கீழே வெள்ளைச் சுவரில் துருநீர் வழிந்து பழுப்புக் கோடாகியிருக்கிறது. துப்புரவு வேலை செய்யும் சுமன்பாய் ஸ்டூலில் ஏறி ஈரத்துணியால் தேய்க்கிறாள். சரக், சரக். தரம் சோதிக்கும் அதிகாரி பத்ரிநாத் குடையை மடக்காமலேயே நிற்கிறார். துருப்பிடிக்காமல் காக்கும் துத்தநாகப் பூச்சை அளக்கும் மீட்டரைப் பெட்டியிலிருந்து எடுக்காமலேயே, போன மாதம் ஒரே மதியத்தில் நானூறு பிராக்கெட்டுகளுக்கும் பச்சை மார்க்கரால் டிக் அடித்துக் கையெழுத்துப் போட்டவர் அவர்தான். சுமன்பாய் திரும்புகிறாள். “மாஃப் கரா, சாஹேப்,” என்று மராத்தியில் மன்னிப்புக் கேட்டுத் தொடங்குகிறாள். “இந்தச் சுவருக்கு பெயிண்ட் அடிச்சது என் வீட்டுக்காரர்தான். என்னத்தைக் கலந்தாரோ, எவ்வளவு தேய்ச்சாலும் கறை போகமாட்டேங்குது. அவரை வேலையை விட்டு அனுப்பிடாதீங்க.” துணியிலிருந்து பழுப்பு நீர் அவள் முழங்கைவரை இறங்குகிறது. பத்ரிநாத்தின் வாய் திறக்கிறது. “இருக்கட்டும் பாய், பரவாயில்லை,” என்கிறார். அவள் முகம் மலர்ந்துவிடுகிறது. கைகூப்பிவிட்டு அடுத்த பிராக்கெட்டைத் துடைக்கத் தொடங்குகிறாள். சாஹேபின் கையெழுத்து அழிந்துவிடக் கூடாதென்று, பச்சை டிக்கைச் சுற்றி மட்டும் விரல் நுனியால் மெல்லத் துடைக்கிறாள்.