காளி கொடுத்த வாக்கு

"சாமி வேஷத்த வச்சு விளையாடாதிய. சொன்னாக் கேளுங்க" என்றாள் சண்முகத்தாய், போனில் கணவரிடம் குரலைத் தாழ்த்தி.

"நீ சும்மா இரு. சாயங்காலம் எங்க தசரா செட்டு நம்ம தெருவுக்கு வருது. காளியா வாரது நான்தான்னு பாப்பாகிட்ட மூச்சு விட்டுராத" என்று சொல்லிப் போனை வைத்தார் தங்கப்பாண்டி.

தூத்துக்குடியில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் அவருக்கு, சின்ன மகளை ஏமாற்றுவது பெரிய பொழுதுபோக்கு. பள்ளிக்கூடப் பைக்குள் தேங்காயை ஒளித்து வைப்பார். ஞாயிற்றுக்கிழமை காலையில், "ஏளா, பஸ் வந்துட்டு" என்று எழுப்பி யூனிஃபார்ம் போட வைப்பார். ஏழாம் வகுப்பு முத்துச்செல்வி திருதிருவென்று விழித்து நிற்பாள். அவர் வயிறு குலுங்கச் சிரிப்பார்.

மற்ற விஷயங்களில் அவர் சிரிக்கிற ஆளில்லை. மூத்தவள் சரண்யாதேவி திரேஸ்புரத்துப் படகுக்காரன் கிருபையைக் கட்டிக்கொண்டு போனதிலிருந்து, அவள் பெயரை வீட்டில் யாரும் சொல்லக் கூடாது. அவளுக்குப் பிள்ளை பிறந்த சேதிகூட வாசலோடு நின்றுவிட்டது. சாதி என்ற சொல்லை அவர் ஒருநாளும் வாயில் எடுத்ததில்லை. 'கௌரவம்' என்றுதான் சொல்வார்.

குலசேகரன்பட்டினம் தசராவுக்கு இந்த வருஷம் காளி வேஷம் நேர்ந்திருந்தார். மாலை போட்டதிலிருந்து படுக்கை, செட்டு ஆட்களோடு கொட்டகையில். வேஷம் கட்டிவிட்டால் அவர் மனுஷரில்லை, அம்மன். வீடு வீடாகத் தர்மம் எடுக்கப் போகையில் ஊரே காலில் விழும். குறையைச் சொல்லும். காளி வாக்குச் சொல்லியாக வேண்டும்.

மேளம் தெருவுக்குள் நுழைந்தது.

சிவப்புப் பட்டு, சடாமுடி, கிரீடம், வாயோரம் வீரப்பல், முகமெல்லாம் நீலச் சாயம். கிளம்பும்போது கண்ணாடியில் அவருக்கே அவரை அடையாளம் தெரியவில்லை.

முத்துச்செல்வி மஞ்சள் தண்ணீரைக் கொண்டுவந்து காலில் ஊற்றினாள். அவருக்குச் சிரிப்பு முட்டியது. சைக்கிள் கேட்பாள், இல்லையென்றால் பரீட்சையில் மார்க் கேட்பாள். தசரா முடிந்து வந்து சொல்லிச் சொல்லிச் சிரிக்கலாம்.

"என்ன வேணும் மகளே? கேளு" என்று குரலை மாற்றி உறுமினார்.

அவள் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தாள்.

"தாயே, எங்க அக்கா வீட்டுக்கு வரணும். அவ பிள்ளைய எங்கம்மா இன்னும் மடியில வச்சுப் பாக்கல."

மேளம் நின்றது. தெரு முழுக்க அவரையே பார்த்தது.

"பிள்ள கேக்குதுல்லா. வாக்குச் சொல்லு தாயே" என்றார் செட்டுத் தலைவர் செந்தூர்பாண்டி.

முடியாது என்றால் உள்ளே இருப்பது தங்கப்பாண்டி என்று சாயம் வெளுத்துவிடும். பேசாமல் நின்றால், இவனுக்கு அம்மன் இறங்கவில்லை என்று ஊர் சிரிக்கும்.

"வருவா" என்றது காளி.

"யாரு தாயே போய்க் கூட்டிட்டு வருவா?" அவள் எழுந்திருக்கவில்லை.

"உங்கப்பன்."

பெண்கள் குலவையிட்டார்கள்.

தசரா முடிந்து, விரதக் காப்பை அறுத்துவிட்டு வீட்டுக்கு வந்தவர், "அது விளையாட்டுக்குச் சொன்னதுல்லா" என்று இழுத்துப் பார்த்தார்.

"கிரீடத்தோட சொன்ன வாக்கு. விளையாட்டுன்னா, அதயும் தெருவுல நின்னு சொல்லிட்டு வாங்க" என்றாள் சண்முகத்தாய்.

செருப்பை மாட்டிக்கொண்டு திரேஸ்புரத்துக்குக் கிளம்பினார்.

பொழுது சாய்வதற்குள் சரண்யாதேவி வீட்டுக்குள் இருந்தாள். கிருபை வாசலில் தயங்கி நின்றான். "உள்ள வாங்க மாப்ள" என்று சொல்ல அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. ஆனாலும் சொன்னார். பேரன் அவர் மூக்கைப் பிடித்து இழுத்ததும் முகம் இளகிவிட்டது. பழைய குறும்பும் திரும்பியது.

"ஏளா முத்துச்செல்வி, அன்னைக்கு வந்த காளி யாருன்னு நெனச்ச? நான்தான். இந்தத் தடவையும் நல்லா ஏமாந்துட்டியா?"

பிள்ளைக்குச் சட்டை மாட்டிக்கொண்டிருந்தவள் நிமிராமலே சொன்னாள்.

"தெருமுக்குல வரையிலயே தெரியும்ப்பா. அப்பாவா இருக்கையில கேட்டா ஏசுவிய. அதான், அம்மனா வந்த நேரம் பாத்துக் கேட்டேன்."