சிவன் கொடுத்த வாக்கு

குருவிட்டப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில், கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக் காம்பராவின் ஜன்னல் வழியாக வரும் மாலை வெயில், முகம் முழுக்கத் திருநீறு பூசி, சைக்கிள் டியூப் பாம்பைக் கழுத்தில் சுற்றிக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் யோகராஜாவின் மேல் விழுகிறது. இன்றைய காமன் கூத்தில் அவன்தான் சிவன். காப்புக் கட்டிப் பதினைந்து நாளாக அவன் கசிப்புச் சாராயம் ஒரு சொட்டும் குடிக்கவில்லை. நாளைக்குக் காப்பு அவிழ்கிறது, போத்தல் கோழிக்கூட்டுக்குப் பின்னால் தயாராக இருக்கிறது. “வேஷம் கட்டிட்டா நீ கிடையாது, சாமிதான்” என்று கூத்து வாத்தியார் சொன்ன தத்துவத்தை நினைக்க நினைக்க அவன் முதுகு நிமிர்கிறது. திருநீறு வாங்க வரிசையில் நிற்கும் பெண்களின் நடுவே, தேங்காய்த் தட்டோடு அவன் மனைவி புஷ்பராணி. காலையில் “நீயெல்லாம் மனுசனாய்யா?” என்று கேட்டவள், இப்போது அவன் காலில் விழுகிறாள். “சாமி, எம் புருசன் குடிய விடணும். வாக்குக் குடுங்க சாமி.” அவனுக்கு டியூப் பாம்புக்கு அடியில் வேர்த்துக் கொட்டுகிறது. இடுப்பிலுள்ள ஸ்விட்சில் விரல் தவறிப் பட்டு, நெற்றிக்கண்ணாக ஒட்டிய டோர்ச் பல்பு பளிச்சென்று எரிகிறது. “சிவசிவா!” என்று பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொள்கிறார்கள். “விட்டுருவான் தாயே” என்கிறது சிவனின் குரல். யோகராஜா வயிற்றெரிச்சலோடு அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறான். புஷ்பராணி பயபக்தியோடு திருநீறு பூசிக்கொண்டு எழுகிறாள். பிறகு அவன் காதருகே குனிந்து, வீட்டுக் குரலில் சொல்கிறாள்: “கேட்டுச்சாங்க? கோழிக்கூட்டுப் போத்தல மத்தியானமே கொட்டிட்டேன்.”