ஆன்டெனாவைப் பிடித்த மாப்பிள்ளை

காப்பித் தட்டோடு கூடத்துக்கு வந்தவளை ஒருவரும் பார்க்கவில்லை.

அவளுக்கு அப்பாடா என்று இருந்தது.

இதுவரை பெண் பார்க்க வந்தவர்கள் எல்லோரும் அவளுடைய இடது கன்னத்துத் தழும்பைத்தான் பார்த்தார்கள். பஜ்ஜி தின்றார்கள். ஊருக்குப் போய்க் கடிதம் போடுகிறோம் என்றார்கள். போடவில்லை.

இந்த முறை, ராகு காலம் கழித்து ஞாயிறு ஆறு மணிக்கு வரச் சொல்லியிருந்தார் அப்பா திருவேங்கடம். ஆறு மணிக்கு டிவியில் படம் என்பதும், தெருவிலேயே டிவி இருப்பது தன் வீட்டில்தான் என்பதும் அவருக்கு மறந்துவிட்டன.

தெருவுக்கு மறக்கவில்லை.

மாப்பிள்ளையின் அம்மா, இஸ்திரிக்காரருக்கும் கம்பவுண்டருக்கும் நடுவில் எங்கோ சிக்கியிருந்தார். கண் டிவியில்.

மாப்பிள்ளையைக் காணோம்.

"மாடியில இருக்காரு," என்றார் கம்பவுண்டர், திரும்பாமல். "படம் ஆட்டமா ஆடிச்சு. ஆன்டெனாவத் திருப்பப் போனாரு. அவரு புடிச்சா நிக்குது, விட்டாப் போயிடுது. திருவேங்கடம், இந்த மாப்பிள்ளைய மட்டும் விட்றாதய்யா."

மெட்ராஸிலிருந்து செங்கல்பட்டு வந்து சேர்வதற்குள் படத்துக்கு அப்படி மூச்சு வாங்கும்.

அவள் ஒரு டம்ளர் காப்பியோடு மாடி ஏறினாள்.

நல்ல காற்று. மாப்பிள்ளை இரண்டு கைகளாலும் ஆன்டெனாக் குழாயைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றான். பெல்பாட்டம் படபடத்தது.

டம்ளரைப் பார்த்தான். ஒரு கையை எடுத்தான்.

கீழே கூடமே அலறியது.

அவள் டம்ளரைக் கைப்பிடிச் சுவரில் வைத்துவிட்டு, குழாயை வாங்கிப் பிடித்துக்கொண்டாள்.

அலறல் நின்றது.

அவன் காப்பியை எடுத்துக்கொண்டான்.

முந்தானையை இழுத்துக் கன்னத்தை மறைக்க இப்போது அவளுக்குக் கை இல்லை.

பார்த்தான்.

"வெந்நீரா?"

இதை ஒருவரும் கேட்டதில்லை. பார்த்ததோடு சரி.

"ரசம்," என்றாள்.

அவன் ஒரு வாய் குடித்தான்.

"ரசம் நல்லா வந்திருந்துச்சா?"

அவள் சிரித்தாள். குழாய் ஆடியது. கீழே மறுபடியும் அலறல்.

சற்று நேரத்தில் படத்தை நிறுத்திவிட்டுச் செய்தி வாசிக்க ஆரம்பித்தார்கள். தெரு எழுந்து காலாற வாசலுக்குப் போகும் சத்தம் மாடி வரை கேட்டது. செய்திக்கு யாருக்கும் படம் வேண்டியதில்லை. குழாயை விட்டுவிடலாம்.

அவள் விடவில்லை.

அவன் காலி டம்ளரைச் சுவரில் வைத்தான்.

வந்து, அவனும் பிடித்துக்கொண்டான்.