வாய் மூடிய ரேடியோ

“உன் கர்த்தர் வாயைத் திறக்காதேன்னு சொல்லிட்டாரா? கடையை இழுத்து மூடிடலாமா?”

பார்லர் முதலாளியம்மா கத்தினாள். முடி வெட்டுகிறவள் கத்தரியைத் துடைத்துக்கொண்டே நின்றாள்.

அவளுக்குப் பட்டப்பெயர் ரேடியோ. எந்த வீட்டில் சண்டை, எவள் எவனோடு போனாள் எல்லாம் அவள் வாயில் வரும். அதைக் கேட்கவே கூட்டம் வந்தது.

சபைக்குப் போக ஆரம்பித்து ஒன்றரை வருஷம். முதலில் கெட்ட வார்த்தை போனது. அப்புறம் பொய். இப்போது ஊர்க்கதையும் நின்றுவிட்டது.

“ஆரம்பத்துல நாக்கு அரிச்சுதுக்கா. பல்லைக் கடிச்சுக்கிட்டேன். இப்ப பேசணும்னே தோணல. ருசி போயிடுச்சு.”

“ருசி போனா வேலையும் போயிடும்.”

“போகட்டும்க்கா. கை இருக்கு, கத்தரி இருக்கு.”

முதலாளியம்மா முணுமுணுத்தபடி துண்டு மடிக்க உள்ளே போனாள்.

வழக்கமாக வரும் வங்கி மேனேஜரம்மா வந்து நாற்காலியில் சாய்ந்தாள். பாதி வெட்டியதும் குரலைத் தாழ்த்தினாள்.

“ரேடியோ, உங்க முதலாளியம்மா பொண்ணு புருஷனை விட்டுட்டு வந்துட்டாளாமே?”

“தலையைக் கொஞ்சம் குனியுங்க மேடம்.”

“உனக்குத் தெரியாம இருக்காது. சொல்லு.”

“சொல்ல மாட்டேன்.”

“அப்ப நான் எதிர்க் கடைக்குப் போறேன்.”

“தாராளமா போங்க. இடது பக்கம் இன்னும் வெட்டல, அவங்ககிட்ட சொல்லிடுங்க.”

முதலாளியம்மா துண்டோடு வெளியே பாய்ந்தாள். “அடுத்தவ வீட்டு விஷயம் உங்களுக்கு எதுக்கு?”

மேனேஜரம்மா சிரித்தாள். “இத்தனை நாள் இங்க அதைத்தானே கேட்டுட்டிருந்தோம்?”

பையை எடுத்துக்கொண்டு போயேவிட்டாள்.

முதலாளியம்மா ரேடியோ பக்கம் திரும்பினாள். “பொய்தானே? நேத்துகூட போன்ல சிரிச்சுப் பேசினாளே!”

ரேடியோ கதவைச் சாத்தினாள்.

“நெஜம்தான்க்கா. அடி தாங்க முடியாம வந்துட்டா. மூணு வாரமா என் வீட்டுலதான் இருக்கா. ‘அம்மாகிட்ட சொல்லிடுங்க’ன்னு இன்னிக்குக் காலையிலதான் வாயைத் திறந்தா. கடை சாத்தினதும் சொல்லலாம்னு இருந்தேன்.”

“பெத்தவ நான் குத்துக்கல்லாட்டம் இருக்கேன். உன் வீட்டுக்கு எதுக்கு வந்தா?”

“அம்மாகிட்ட சொன்னா கடைக்கே தெரிஞ்சிடும்னு பயந்துதான்க்கா.”