சஹனின் நாலாவது பக்கம்

யன்னல் கம்பிகளின் நிழல் பாயின் குறுக்கே விழுந்து கிடக்கிறது. கடற்கொள்ளையரின் பிடியிலிருந்து நேற்றுத்தான் சாய்ந்தமருது வந்து சேர்ந்த மீனவன் நிஹ்மத்துக்கு முன்னால், எல்லோருமாகக் கைபோட்டுத் தின்னும் பெரிய சஹனில் நெய்ச்சோறு ஆவி விடுகிறது. மனைவி ஸம்றாவும் தங்கை ஹாஜறாவும் முழங்கால் முட்ட நெருங்கி இருக்கிறார்கள். அவன் மட்டும் தன் வலப்புறத்தில் ஓர் ஆள் இருக்க இடம் விட்டிருக்கிறான். பெரிய இறைச்சித் துண்டை விரலால் மெல்ல அந்தப் பக்கம் தள்ளுகிறான். “ஆருக்குக் காக்கா?” என்று அண்ணனைக் கேட்கிறாள் ஹாஜறா. “என்னைக் காவல் காத்த பொடியனுக்கு. மடியில குண்டு போட்ட துவக்க வச்சிக்கிட்டு என்ட தட்டுலதான் தின்பான். ஒருநாளும் என்னை விட்டுட்டுத் தின்னல்ல, பாவம்.” ஹாஜறா சிரிக்கப் பார்க்கிறாள், வரவில்லை. வெளியே கடல் இரைகிறது. சோற்றின் ஓரத்தில் நெய் வெள்ளையாக உறையத் தொடங்குகிறது. “ஆறுது காக்கா, பிஸ்மி சொல்லித் தின்னுங்க.” “பொறு புள்ள,” என்கிறான், வெறும் பாயைப் பார்த்தபடி. “அவன் இன்னும் சொல்லல்ல.” ஒருவரும் கை வைக்கவில்லை. ஸம்றாவும் அந்த இடத்தையே பார்க்கிறாள். பிறகு, அந்நிய ஆண் ஒருவன் வந்து அமர்ந்துவிட்டதைப் போல, தோளில் நழுவிக் கிடந்த முக்காட்டை இழுத்துத் தலையை மூடிக்கொள்கிறாள்.